ப்ரியோம் என்று சொல்லிவிட்டால் போதுமா?

தமிழ்நாட்டின் சதுரங்கப் பயிற்சியாளர்களுக்கு,



கொஞ்ச காலமாக உங்கள் வகுப்புகளில் ஒரு ரஷ்யச் சொல் அடிபடுகிறது. ப்ரியோம். போட்டி மண்டபத்துக்கு வெளியே பிள்ளைகள் முடிந்த ஆட்டத்தை அலசிக்கொண்டிருக்கும்போது அது காதில் விழுகிறது. "இது ஒரு ப்ரியோம்டா, சார் சொல்லியிருக்காரு" என்று ஒரு பையன் அடித்துச் சொல்கிறான். கேட்கச் சந்தோஷமாகத்தான் இருக்கிறது. சரி, இங்கே அது ஏன் செல்லும், இன்னோர் ஆட்டத்தில் ஏன் செல்லாது என்று கேட்டால் பையன் உங்கள் பக்கம் கையைக் காட்டுகிறான். பெயர் வந்து சேர்ந்துவிட்டது, பொருள் முழுதாக வந்து சேரவில்லை. அதனால்தான் இந்த மடல்.

முதலில் அந்தச் சொல் பிறந்த வீட்டில் என்ன செய்கிறது என்று பார்த்துவிடலாம். ரஷ்ய மொழியில் 'ஏற்றுக்கொள்', 'பெற்றுக்கொள்' என்று பொருள்படும் வினையிலிருந்து வந்த பெயர்ச்சொல் இது. அங்கே அது வீதியில் புழங்கும் சாதாரணச் சொல். மருத்துவர் நோயாளிகளைப் பார்க்கும் நேரம் ப்ரியோம். தூதரகத்தில் விருந்தினரை அழைத்து நடத்தும் வரவேற்பு ப்ரியோம். கல்லூரியில் மாணவர் சேர்க்கையும், ஒரு வேளை மருந்து விழுங்குவதும் அதே. கம்பியில்லாக் கருவியில் பேசுகிறவர் தன் பேச்சை முடித்து, இனி நீ பேசு என்று காட்ட நாம் 'ஓவர்' என்கிற இடத்தில் ரஷ்யர் 'ப்ரியோம்' என்கிறார். இத்தனைக்கும் நடுவே இன்னொரு பொருள் இருக்கிறது: ஒரு காரியத்தைச் செய்துமுடிக்கக் கைக்கொள்ளும் வழி. மல்யுத்தத்தில் எதிராளியைத் தூக்கிப் போடும் பிடி ஒவ்வொன்றும் ஒரு ப்ரியோம். சாம்போ என்கிற ரஷ்யத் தற்காப்புக் கலையைக் கற்பிக்கும் புத்தகங்களில் பக்கத்துக்குப் பக்கம் இந்தச் சொல்தான். சதுரங்கத்துக்குள் வந்த பொருளும் இதுவே.

இலக்கியம் படிக்கிற பயிற்சியாளர்கள் உங்களில் சிலர் இருப்பீர்கள். அவர்களுக்கு விக்டர் ஷ்க்லோவ்ஸ்கி நினைவுக்கு வரலாம். பழகிப்போன ஒன்றைப் பழகாதது போலக் காட்டுவதே கலையின் வேலை என்று அவர் வாதாடிய 1917ஆம் ஆண்டுக் கட்டுரையின் தலைப்பிலேயே ப்ரியோம் இருக்கிறது: கலை என்பது ஒரு ப்ரியோம். ஆங்கிலத்தில் ஒரு மொழிபெயர்ப்பாளர் அதை 'டெக்னிக்' என்றும் இன்னொருவர் 'டிவைஸ்' என்றும் பெயர்த்தார்கள். இரண்டும் சரிதான், இரண்டும் போதவில்லை. அதே ஷ்க்லோவ்ஸ்கி 1923இல் வெளியிட்ட ஒரு கட்டுரைத் தொகுப்புக்குக் குதிரையின் நகர்வு என்று பெயர் வைத்தார் என்பதை இங்கே சொல்லாமல் போக மனம் வரவில்லை. நேரே போகாமல் கோணலாகத் தாவும் காய், அவருடைய கலைக் கொள்கைக்கு நன்றாகப் பொருந்தியது.

உச்சரிப்பைப் பற்றி ஒரு வார்த்தை. ரஷ்ய எழுத்தில் 'யோ' ஒலிக்கான எழுத்தின் தலையில் இரண்டு புள்ளிகள் வரவேண்டும். அச்சில் பெரும்பாலும் அந்தப் புள்ளிகளை விட்டுவிடுவார்கள். அப்போது சொல் 'ப்ரியெம்' போலத் தெரியும். உங்களில் சிலர் அப்படிச் சொல்லக் கேட்டிருக்கிறேன். ப்ரியோம் என்று 'யோ'வை அழுத்திச் சொல்வதே சரி. ஆங்கிலத்தில் எழுதுகிறவர்கள் கடைசியில் ஒரு 'இ' சேர்த்து எழுதுவதைப் பார்த்து 'ப்ரியோமி' என்று படிக்கவும் வேண்டாம்.

இனி, குழப்பம் எங்கே தொடங்குகிறது என்று சொல்கிறேன். ரஷ்யப் பயிற்சியாளருக்கு ப்ரியோம் மிக அகலமான சொல். ஒரே குதிரை இரண்டு காய்களைத் தாக்கும் ஃபோர்க் ஒரு ப்ரியோம். பின், ஸ்க்யூவர், காவல் காய் ஒன்றை இழுத்து அப்புறப்படுத்துவது எல்லாமே தாக்குதல் ப்ரியோம்கள். இறுதியாட்டத்தில் ராஜாவுக்குக் குறுக்கே யானையை வைத்துப் பாலம் கட்டுவதும் ப்ரியோம்தான். அவர்கள் வெறுமனே ப்ரியோம் என்று நிறுத்துவதும் குறைவு. முன்னால் ஒரு அடைமொழி வரும்: தாக்குதல் ப்ரியோம், வழக்கமான ப்ரியோம், தற்காப்பு ப்ரியோம். எதைப் பற்றிப் பேச்சு என்பது அந்த அடைமொழியில் தெரிந்துவிடும்.

ஆங்கிலத்துக்குப் போனபோது சொல் மெலிந்தது. சோவியத் நூல்களை ஆங்கிலத்தில் தந்தவர்கள் நெடுங்காலம் அந்தச் சொல்லை உள்ளே விடவே இல்லை. இடத்துக்கு ஏற்ப முறை, உபாயம், நுட்பம் என்று பெயர்த்துவிட்டுப் போனார்கள். அமெரிக்க கிராண்ட்மாஸ்டர் ஆண்ட்ரூ சோல்டிஸ்தான் தன் பயிற்சி நூல்களில் அதை ரஷ்ய வடிவிலேயே வைத்துப் பரப்பினார். 2013இல் வந்த, மாஸ்டர்களின் நூறு தொழில் ரகசியங்கள் பற்றிய அவருடைய நூலில் ப்ரியோம்களுக்குத் தனிப் பகுதியே உண்டு. தியாகங்கள் தனி, இறுதியாட்டங்கள் தனி. ஆக அவர் கையில் ப்ரியோம் என்பது ஃபோர்க்கோ பின்னோ கிடையாது. ஒரு குறிப்பிட்ட சிப்பாய் அமைப்பு பலகையில் தோன்றும்போது, அனுபவசாலியின் கை தானாகத் தேடிப்போகும் நிலைசார்ந்த செயல்முறை மட்டுமே ப்ரியோம். நம் பிள்ளைகள் படிப்பது பெரும்பாலும் ஆங்கில நூல்கள். பார்ப்பது ஆங்கிலக் காணொளிகள். ஆகவே நமக்கு வந்து சேர்ந்தது ரஷ்ய வீட்டு ப்ரியோம் இல்லை, ஆங்கில வாடகை வீட்டு ப்ரியோம்.

இந்தக் குறுகிய பொருளே பயிற்சிக்கு உகந்தது என்பது என் கட்சி. ஃபோர்க்குக்கு ஃபோர்க் என்ற பெயர் ஏற்கெனவே இருக்கிறது. இன்னொரு பெயர் எதற்கு? ஆனால் குறுகிய பொருளை எடுத்துக்கொள்கிறவர் அதன் நிபந்தனையையும் சேர்த்து எடுத்துக்கொள்ள வேண்டும். அமைப்பு, அந்த அமைப்பில் கண்ணில் படவேண்டிய அடையாளம், அதன்பின் செய்கை. இந்த வரிசையில் முதல் இரண்டை விழுங்கிவிட்டு மூன்றாவதை மட்டும் பிள்ளைகளிடம் கொடுக்கிறோம். அப்படிக் கொடுத்தால் அது ஓப்பனிங் பொறி மாதிரி ஆகிவிடுகிறது: விழுந்தால் விழட்டும், விழாவிட்டால் அடுத்ததைப் பார்ப்போம்.

எல்லோருக்கும் தெரிந்த ஆட்டம் ஒன்றையே எடுத்துக்கொள்கிறேன். 1974, பிரான்சின் நீஸ் நகரில் ஒலிம்பியாட். 23 வயது அனடோலி கார்ப்போவ் வெள்ளை. எதிரே மேற்கு ஜெர்மனியின் வுல்ஃப்காங் உன்ட்சிக்கர். ரூய் லோபஸ், சிகோரின் வழி. 23 நகர்வுகள் முடிந்தபோது நடுப்பலகை முழுக்க அடைபட்டுவிட்டது. வெள்ளைச் சிப்பாய்கள் பி4, சி3, டி5, இ4. கறுப்புச் சிப்பாய்கள் பி5, சி4, டி6, இ5. பலகையில் திறந்திருப்பது ஏ ஃபைல் ஒன்றுதான். வெள்ளையின் யானை ஏ2இல் நிற்கிறது. கறுப்பின் யானை ஏ8இல் நிற்கிறது, அதன் பின்னே ராணியும் இன்னொரு யானையும் எட்டாம் வரிசையில் துணைக்கு இருக்கின்றன. வெள்ளை இரண்டாவது யானையை ஏ1க்குக் கொண்டுவர முயன்றால் கறுப்பு உடனே யானைக்கு யானை மாற்றிக்கொண்டு மூச்சு விட்டுக்கொள்ளும். அந்த இடத்தில் கார்ப்போவ் இ3இல் இருந்த பிஷப்பை ஏ7க்குத் தள்ளினார். தனக்குச் சொந்தமாக வேண்டிய ஃபைலைத் தானே அடைத்தார்!

யானை மாற்றம் நின்றது. கறுப்பு யானையால் பிஷப்பை எடுத்தால் வெள்ளை யானை திருப்பி எடுக்கும். கணக்கில் கறுப்புக்கு நட்டம். எடுக்காவிட்டால் வெள்ளை அவசரமில்லாமல் பிஷப்பின் முதுகுக்குப் பின்னே யானைகளை அடுக்கலாம், எந்த நேரமும் பிஷப்பை விலக்கி ஃபைலைக் கைப்பற்றலாம். அந்த 'எந்த நேரமும்' கறுப்பின் காய்களை ராணிப் பக்கத்தில் கட்டிப்போட்டது.

இவ்வளவு வரை எல்லா வகுப்பிலும் சொல்லப்படுகிறது. பிறகு என்ன நடந்தது என்பதைத்தான் பலர் சொல்வதில்லை. கார்ப்போவ் பிஷப்பை விலக்கவே இல்லை. 44ஆம் நகர்வில் உன்ட்சிக்கர் தோல்வியை ஒப்புக்கொள்ளும் வரை அது ஏ7இலேயே இருந்தது. ஏ ஃபைல் வழியாக ஒரு யானையும் உள்ளே நுழையவில்லை. 30ஆம் நகர்வில் எஃப்4, அடுத்ததில் எஃப்5. வெள்ளைக் கட்ட பிஷப் பொறுமையாகச் சுற்றிவந்து எச்5இல் அமர்ந்து எதிரியின் பிஷப்பைத் தனக்கு ஈடாக மாற்றிக்கொண்டது. ராணி எச்5, ஜி6. கடைசியில் குதிரை எச்5. வெற்றி ராஜா பக்கத்தில் வந்தது. பிஷப் ஏ7 என்பது ஃபைலைப் பிடிக்கும் தந்திரம் என்று மட்டும் சொல்லிக்கொடுத்தால், இந்த ஆட்டத்தின் பாதியைத்தான் பிள்ளை பார்க்கிறது. ஃபைல் ஒரு மிரட்டல். மிரட்டலுக்கு எதிரி காவல் நிற்கும்போது பலகையின் மறுகோடியில் வேலை நடந்தது. வெள்ளைக்கு இடம் அதிகம் இருந்ததால், காய்களைப் பக்கம் விட்டுப் பக்கம் மாற்ற வெள்ளையால் முடிந்தது; நெருக்கடியில் இருந்த கறுப்பால் முடியவில்லை.

இப்போது நிபந்தனைகளைப் பாருங்கள். திறந்த ஃபைல் ஒன்றுதான் இருக்க வேண்டும். நடு அடைபட்டிருக்க வேண்டும். பிஷப் நிற்கும் கட்டத்தை எதிரியின் சிறு காய்கள் எளிதில் தாக்க முடியாதபடி இருக்க வேண்டும். பிஷப் விலகிப்போன மூலைவிட்டத்தில் நமக்கு ஆபத்து வரக்கூடாது. எல்லாவற்றுக்கும் மேலாக, மறுபக்கத்தில் நமக்குச் செய்ய ஒரு வேலை இருக்க வேண்டும். கடைசி நிபந்தனை இல்லாத ஆட்டத்தில் பிஷப்பை ஏ7இல் வைத்த பையன் அடுத்த பத்து நகர்வும் என்ன செய்வதென்று தெரியாமல் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருப்பான். அவன் மீது கோபப்பட்டுப் பயனில்லை, அவனுக்குச் சொன்னது அவ்வளவுதான்.

கார்ல்ஸ்பாத் அமைப்பும் இதையேதான் காட்டுகிறது. செக் நாட்டில் கார்ல்ஸ்பாத் என்றும் அழைக்கப்பட்ட கார்லோவி வாரி ஊரில் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நடந்த பெரிய போட்டிகளால் அந்தப் பெயர் வந்தது. வெள்ளைக்கு டி4, இ3. கறுப்புக்கு டி5, சி6. ராணிப் பக்கத்தில் வெள்ளைக்கு ஏ, பி என இரண்டு சிப்பாய்கள், கறுப்புக்கு மூன்று. குறைந்த ஆட்களை வைத்துக்கொண்டு அதிகமான ஆட்கள் மீது பாய்வது முதலில் கேட்க விசித்திரமாக இருக்கும். பி4, ஏ4, பி5 என்று வெள்ளை முன்னேறுகிறது. கறுப்பு எடுத்தால் டி5 தனித்துப்போகிறது. எடுக்காமல் விட்டு, வெள்ளை சி6இல் எடுத்து கறுப்பு திருப்பி எடுத்தால், சி6 ஊனமாகி சி ஃபைலில் வெள்ளை யானைகளின் கண்ணெதிரே நிற்கிறது. சிறுபான்மைத் தாக்குதல் என்று உங்கள் குறிப்பேடுகளில் இருப்பது இதுதான். ப்ரியோம்களில் மிகப் பழையதும், மிக அதிகமாகப் பாடம் எடுக்கப்படுவதும் இதுவாகத்தான் இருக்கும்.

ஆனால் கறுப்பின் குதிரை டி6க்கு வந்துவிட்டால்? பி4 வந்த கையோடு கறுப்பே பி5 என்று தள்ளிவிடும். சி6 பலவீனம்தான். ஆனால் குதிரை சி4இல் குடியேறி சி ஃபைலுக்கே பூட்டு போட்டுவிடும். ஏ4 என்று உடனே அடிக்க வெள்ளைக்கு ஆயத்தமில்லை என்றால் அந்தத் தாக்குதல் அங்கேயே முடிந்தது. குதிரை எங்கே இருக்கிறது என்று பார்க்காமல் பி4 தள்ளும் மாணவனுக்கு ப்ரியோம் தெரியும் என்று எப்படிச் சொல்வது?

இதே அமைப்பில் இன்னொரு வழியும் உண்டு என்பதுதான் சுவையான செய்தி. 1952, மாஸ்கோ, சோவியத் சாம்பியன்ஷிப். மிகையில் போட்வின்னிக் வெள்ளை, பால் கெரஸ் கறுப்பு. போட்வின்னிக் ராஜா பக்கக் குதிரையை எஃப்3க்கு அனுப்பாமல் இ2இல் வைத்தார். அதனால் எஃப் சிப்பாய்க்கு வழி கிடைத்தது. எஃப்3, தகுந்த நேரத்தில் இ4, நடுவில் சிப்பாய்கள் உருண்டன. கறுப்புச் சிப்பாய்கள் நின்ற கட்டங்கள் மாறவில்லை. வெள்ளைக் குதிரை ஒன்று நின்ற கட்டம்தான் வேறு. அதற்கேற்ப ப்ரியோமும் வேறு. ஒரே அமைப்பைக் காட்டி "இங்கே பி4, மனப்பாடம் பண்ணிக்கோ" என்று முடித்துவிடும் பாடம் எவ்வளவு விட்டுவிடுகிறது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

சொல் வருவதற்கு முன்பே செயல் இருந்தது என்பதையும் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள். 1919 ஹேஸ்டிங்ஸில் வில்லியம் வின்டரின் பிஷப்பை ஜி3இல் சிப்பாய்களால் அடைத்து வைத்துவிட்டு, மற்றப் பக்கத்தில் ஒரு காய் கூடுதலாக இருப்பவர் போல ஆடி ஜெயித்தார் காபாபிளாங்கா. அவர் யாரிடமும் ரஷ்யச் சொல் கற்கவில்லை. 1930 சான் ரெமோவில் அலெகைன், நிம்சோவிச்சுக்கு எதிராக சி ஃபைலில் இரண்டு யானைகளை முன்னும் ராணியைப் பின்னும் அடுக்கிய வரிசைக்கு இன்றைக்கும் அலெகைனின் துப்பாக்கி என்று பெயர்.

எல்லைக்கோட்டில் நிற்கும் ஆட்டங்களும் உண்டு. 1953 சூரிச் கேண்டிடேட்ஸில் ரெஷெவ்ஸ்கிக்கு எதிராகப் பெட்ரோசியன் யானையை இ6இல், பிஷப் எடுத்துக்கொள்ளட்டும் என்று வைத்தார். யானை விலகியதால் காலியான இ7 வழியாகக் குதிரை டி5க்குப் போய் வெள்ளையின் நடுச் சிப்பாய்களை நிறுத்தியது. ஆட்டம் சமன். ரஷ்யரைக் கேட்டால் தயங்காமல் ப்ரியோம் என்பார். சோல்டிஸின் வகைப்பாட்டுக்குள் வைத்தால் தியாகத்தின் பக்கம் போகுமா, இந்தப் பக்கம் வருமா என்று வாதம் எழும். இந்த வாதத்தை வகுப்பில் நடத்துங்கள். ஓடுகிற சிப்பாய்களைத் தடுக்க ஒரு நல்ல கட்டம் வேண்டும், அதற்கு விலையாக யானை என்ற கணக்கு அந்த வாதத்தில் பிள்ளைகளுக்குப் பிடிபடும். அந்தப் போட்டியைப் பற்றி டேவிட் ப்ரான்ஸ்டைன் எழுதிய புத்தகத்தை இன்னும் படிக்காதவர்கள் உங்களில் இருந்தால், என்னைக் கேட்டால், இந்த மடலை மூடிவிட்டு அதை எடுக்கலாம்.

இன்னொரு சொல்லையும் இதோடு சேர்த்துக் குழப்பிக்கொள்கிறார்கள்: தபியா. இது பிறப்பால் அரபுச் சொல். படையை அணிவகுத்து நிறுத்துவது என்று பொருள். பழைய ஷத்ரஞ்சில் காய்கள் மெதுவாக நகரும். எதிரியோடு மோத நெடுநேரம் ஆகும். அதனால் ஆட்டக்காரர்கள் தமக்குப் பிடித்த அணிவகுப்பு ஒன்றை முதலில் அமைத்துக்கொண்டு அங்கிருந்து சண்டையைத் தொடங்குவார்கள். 9ஆம், 10ஆம் நூற்றாண்டுகளில் அல்-அத்லி, அஸ்-சூலி போன்ற வல்லுநர்கள் அந்த அணிவகுப்புகளைப் பெயரிட்டு எழுதிவைத்தார்கள். நெடுங்காலத்துக்குப் பிறகு சோவியத் சதுரங்கப் பேச்சில் அந்தச் சொல் மீண்டும் புழக்கத்துக்கு வந்தது. இன்று, எத்தனையோ ஆட்டங்களில் வந்துபோன, ஆய்வு உண்மையில் தொடங்குகிற ஓப்பனிங் நிலை தபியா எனப்படுகிறது. நஜ்டோர்ஃபில் ஐந்தாம் நகர்வாகக் கறுப்பு ஏ6 வைத்த நிலை ஒரு தபியா. தபியா என்பது நின்று பார்க்கும் இடம், ப்ரியோம் அங்கிருந்து செய்யும் வேலை. இரண்டையும் ஒரே மூச்சில் "பேட்டர்ன்" என்று சொல்லிவிட்டுப் போவதில் எனக்கு உடன்பாடில்லை.

ரஷ்யாவிலிருந்து வரும் சொல்லோடு சேர்ந்து இன்னொரு சிக்கலும் வரும். ரஷ்ய மூலத்தை மொழிபெயர்ப்புக் கருவியில் போட்டுப் படிக்கிறவர்கள் இதைக் கவனித்திருப்பீர்கள். அங்கே யானை என்றால் பிஷப். நம்மூரில் மூலையில் நிற்கிற யானை அங்கே படகு. ராணி அங்கே பெண் இல்லை, பாரசீக மந்திரியின் பெயரைத் தாங்கியிருக்கிறது. குறுக்கே தாண்டும் பழைய யானையை ரஷ்யர்கள் பெயரளவில் அப்படியே வைத்துக்கொண்டார்கள். ஆகவே 'யானையை ஏ7இல் வைத்தார்' என்று கருவி சொன்னால், அவசரப்பட்டுக் கார்ப்போவின் யானையைத் தேடாதீர்கள்.

இத்தனை பேச்சும் நமக்கு எதற்கு, நமக்கும் ரஷ்யச் சதுரங்கத்துக்கும் என்ன உறவு என்று உங்களில் இளையவர்கள் கேட்கக்கூடும். உறவு பழையது. 1972இல் சென்னை சோவியத் கலாச்சார மையத்தில் மிகையில் டால் பெயரில் சதுரங்க மன்றம் தொடங்கப்பட்டது. 1961இல் நாட்டின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆன மானுவேல் ஆரோன் அதற்கு உயிர் கொடுத்தார். சிறுவன் விஸ்வநாதன் ஆனந்த் ஆடி வளர்ந்தது அங்கேதான். 1948 முதல் ஏறக்குறைய இருபதாம் நூற்றாண்டு முடியும் வரை, ஃபிஷரின் மூன்று ஆண்டுகள் நீங்கலாக, உலகப் பட்டம் சோவியத் பள்ளியில் வளர்ந்தவர்கள் கையில்தான் இருந்தது. அந்தப் பள்ளி எப்படிச் சிந்தித்தது என்பதன் ஒரு துளி இந்தச் சொல்லில் இருக்கிறது. மாஸ்கோவில் நடக்க வேண்டிய 2022 ஒலிம்பியாட் மாமல்லபுரத்துக்கு வந்தது உக்ரைன் போரின் விளைவு. அதை உறவுக் கணக்கில் நான் சேர்க்கவில்லை. 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் குகேஷ் உலக சாம்பியன் ஆனபின் உலகம் பயிற்சிக்கு நம் பக்கம் பார்க்கத் தொடங்கியிருக்கிறது. கடன் வாங்கிய சொல்லை இனி அரைகுறையாக வைத்திருக்க நமக்கு நியாயம் இல்லை.

மனப்பாடம் பண்ணச் சொல்வதே தவறு என்று நான் சொல்ல வரவில்லை. டச்சு உளவியலாளரும் ஒலிம்பியாட் ஆட்டக்காரருமான அட்ரியான் டி குரோட் 1946இல் தந்த ஆய்வும், அதைத் தொடர்ந்து 1973இல் சேஸ், சைமன் இருவரும் அமெரிக்காவில் செய்த சோதனைகளும் நினைவின் பக்கம்தான் நிற்கின்றன. உண்மையான ஆட்டத்து நிலையைச் சில விநாடிகள் காட்டினால் மாஸ்டர் அதை ஏறக்குறைய அப்படியே திரும்ப அடுக்கிவிடுகிறார். காய்களை அர்த்தமில்லாமல் இறைத்துக் காட்டினால் மாஸ்டரின் மேன்மை பெருமளவு மறைந்துவிடுகிறது. அவர் நினைவில் இருப்பது தனித்தனிக் காய்கள் இல்லை. ஒன்றோடொன்று உறவுள்ள காய்க்கூட்டங்கள். ப்ரியோமும் அப்படித்தான் நினைவில் ஏற வேண்டும். அமைப்பை அறுத்துவிட்டு நகர்வை மட்டும் ஏற்றினால் அந்த இறைத்துப் போட்ட பலகைக்கும் அதற்கும் பெரிய வேறுபாடு இருக்காது.

எஞ்சின் காலத்தில் நகர்வை மட்டும் ஏற்றும் இந்தப் பழக்கம் இன்னும் கூடிவிட்டது. பிள்ளை ஆட்டத்தைக் கணினியில் போடுகிறது. பிஷப் ஏ7தான் சிறந்தது என்று முதல் வரியில் வருகிறது. பக்கத்தில் ஓர் எண். ஏன் என்று எண் சொல்லாது. அந்த ஏனைச் சொல்லத்தான் பெற்றோர் உங்களுக்குக் கட்டணம் கட்டுகிறார்கள்.

இதற்குத் தனித்தமிழ்ச் சொல் ஒன்று காணலாமா என்று சிலர் கேட்கிறார்கள். உத்தி என்று சொல்லிப் பார்த்தார்கள். ஆனால் அது ஆட்டம் முழுவதுக்குமான திட்டத்தையும் குறிக்கிறது, ஒரு சின்னக் காய் நகர்த்தலையும் குறிக்கிறது. மல்யுத்தப் 'பிடி' எனக்குப் பிடித்திருக்கிறது. கோதாவில் உடம்பு இருக்கும் நிலையைப் பார்த்துத்தான் பிடி போட முடியும் என்பது அந்தச் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. இருந்தாலும் ஒரு சொல்லைத் திணிக்க நான் இங்கே வரவில்லை. செக்கும் ஃபோர்க்கும் நம் வகுப்புகளில் தமிழாகவே பழகிவிட்டன. ப்ரியோமும் பழகிக்கொள்ளும். பொருள் முழுதாக இருந்தால் எந்தப் பெயரும் எனக்குச் சம்மதம்.

கடைசியாகச் சில வேண்டுகோள்கள். ஒரு ப்ரியோமைக் கற்பிக்கும் அன்று பெயரைப் பலகையில் எழுதித் தொடங்காதீர்கள். கார்ப்போவ் ஆட்டத்தின் 23ஆம் நகர்வில் பலகையை நிறுத்தி, வெள்ளைக்கு என்ன குறை, கறுப்பு எதைச் செய்தால் தப்பிக்கும் என்று கேளுங்கள். யானை மாற்றத்தைத் தடுக்க வேண்டும் என்று ஒரு பிள்ளை தானே சொல்லும் வரை காத்திருங்கள். பிஷப்பை ஏ7க்கு நகர்த்திய பின் ஆட்டத்தை 44 வரை கொண்டுபோங்கள், பாதியில் கைதட்டி முடித்துவிடாதீர்கள். அதற்குப் பிறகு பெயரைச் சொல்லுங்கள்.

அதே வாரத்தில், அதே ப்ரியோம் பலிக்காமல் போன ஆட்டம் ஒன்றையும் எடுத்து வையுங்கள். கிராண்ட்மாஸ்டர் ஆட்டமாக இருக்க வேண்டும் என்பதில்லை. உங்கள் மாணவரின் ஆட்டமே போதும், அவர் பெயரை மறைத்துவிட்டு. எந்த நிபந்தனை அங்கே இல்லாமல் போனது என்று பிள்ளைகளையே கண்டுபிடிக்கச் சொல்லுங்கள். அந்த ஆட்டம் இல்லாமல் ப்ரியோம் பாடத்தை முடித்ததாகக் கணக்கு வைக்காதீர்கள்.

அன்புடன்,
உங்கள் வகுப்புகளின் வாசலில் காத்திருக்கும் பெற்றோரில் ஒருவர்